ஒரு நிமிடப் பாட்டும் ஒரு முழு வித்வானும்

(மேற்குத் தாம்பரத்தில் இசை ஆசிரியர்களும் பெற்றோர்களும் கூடிய அரங்கில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



2007ஆம் ஆண்டு ஏப்ரல் 29ஆம் தேதி சுட்டி டிவி தன் ஒளிபரப்பைத் தொடங்கியது. குழந்தைகளுக்கென்றே தமிழில் ஒரு சேனல் வந்துவிட்டது என்று வீடுகளில் மகிழ்ந்தோம். மூன்று வாரம் முடியவில்லை, மே 19ஆம் தேதி இசையமைப்பாளர் எல். வைத்தியநாதன் காலமானார். அவருக்கு வயது 65. முதல் செய்தி நம் எல்லோர் வீட்டுக்கும் வந்து சேர்ந்தது. இரண்டாவது செய்தியை எத்தனை வீடுகளில் பேசினோம்? அந்த இரண்டு செய்திகளையும் சேர்த்து வைத்துப் பேசத்தான் இன்று வந்திருக்கிறேன். குழந்தைகளின் தொலைக்காட்சிக்கு இசை அமைப்பது என்றால் என்ன, அதற்கு எப்பேர்ப்பட்ட ஆள் வேண்டும் என்பதற்கு நம்மிடம் இருக்கும் பெரிய உதாரணம் அவர்தான்.

பெயர் சொன்னால் நினைவுக்கு வராதவர்களுக்கும் அவருடைய மெட்டு நினைவில் இருக்கும். 1986இல் தூர்தர்ஷனில் வந்த 'மால்குடி டேஸ்' தொடரின் முகப்பு இசை அவருடையது. ஆர். கே. லட்சுமணின் கோட்டோவியங்கள் ஒன்றன்பின் ஒன்றாக நகரும். பின்னால் சொற்களே இல்லாமல் ஒரு குரல் முணுமுணுத்துக்கொண்டே போகும். நாற்பது வயதைத் தாண்டிய யாரிடமும் மால்குடி என்று சொல்லிப் பாருங்கள். கதையைச் சொல்வதற்கு முன் அந்த முணுமுணுப்பைப் பாடிக் காட்டுவார்கள்.

அவர் எங்கிருந்து வந்தார் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். தந்தை வி. லட்சுமிநாராயணா வயலின் வித்வான். யாழ்ப்பாணத்து இசைக் கல்லூரியில் ஆசிரியராக இருந்தவர். தாயார் சீதாலட்சுமியும் இசை தெரிந்தவர். 1942இல் பிறந்த வைத்தியநாதனும் அவருடைய தம்பிகளும் அந்த ஊரின் காற்றில் வளர்ந்தார்கள். 1958இல் இலங்கையில் தமிழருக்கு எதிரான கலவரம் வெடித்தது. குடும்பம் சென்னைக்குத் திரும்பியது. பதினாறு வயதுப் பையன் ஒரு வீட்டையும் ஊரையும் விட்டுவிட்டு வருகிறான்; கூடவே வந்தது வயலின். இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. நண்பர்களைப் பிரிந்த சிறுவனின் துக்கத்தைப் பிற்காலத்தில் இசையாக்க வேண்டியிருந்த ஒருவர், அந்தத் துக்கத்தைப் புத்தகத்தில் மட்டும் படித்தவர் அல்லர்.

தம்பிகள் இருவரையும் உலகம் அறியும். எல். சுப்பிரமணியம் கச்சேரி மேடைகளிலும் மேலைநாட்டு ஆர்க்கெஸ்ட்ராக்களோடும் புகழ் பெற்றார். எல். ஷங்கரோ ஜான் மெக்லாஃப்லின், ஜாகிர் உசேன், விக்கு விநாயக்ராம் ஆகியோரோடு 'சக்தி' குழுவில் வாசித்தார். சகோதரர்கள் மூவரும் சேர்ந்து மூன்று வயலின்களாகக் கச்சேரி செய்ததும் உண்டு. மூத்தவர் மட்டும் சென்னையின் ரெக்கார்டிங் தியேட்டர்களுக்குள் போனார். அது ஏதோ சின்ன பாதை என்று நினைத்துவிடக் கூடாது. ஜி. கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்து தொழில் கற்றார். இளையராஜாவும் வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தவர்தான் என்பது உங்களுக்குத் தெரியும். மெட்டை எழுதி வாத்தியக்காரர்களுக்குப் பிரித்துக் கொடுப்பது, காட்சியின் நீளத்தை நொடிக் கணக்கில் குறித்துக்கொண்டு அதற்குள் இசையை அடக்குவது, ஒரு டேக்கில் ஒருவர் தவறினாலும் எல்லோரும் முதலிலிருந்து வாசிக்க வேண்டிய நாட்களில் எல்லோரையும் பிசகாமல் அழைத்துப் போவது என்று எல்லாவற்றையும் அங்கே பழகினார்.

கன்னடத்தில் சி. அஸ்வத்தோடு சேர்ந்து 'அஸ்வத்–வைதி' என்ற பெயரில் இசையமைத்தார். 1981இல் வந்த 'ஆலெமனெ' படத்தின் பாடல்களை இன்றும் கர்நாடகத்தில் பாடுகிறார்கள். அஸ்வத் கன்னடக் கவிதைகளை மெட்டமைத்துப் பாடும் பாவகீத மரபின் பெரிய கலைஞர். கவிதையின் சொல் சிதையாமல் மெட்டுக் கட்டுவதே அந்த மரபின் உயிர். அந்தப் பழக்கத்தோடுதான் 1982இல், பாரதியின் நூற்றாண்டு வருடத்தில், கே. ஹரிஹரன் இயக்கிய 'ஏழாவது மனிதன்' படத்துக்கு இசையமைத்தார். ரகுவரன் நாயகனாக அறிமுகமான படம். பாட்டெல்லாம் பாரதி. யேசுதாஸும், பாரதியின் கொள்ளுப் பேரன் ராஜ்குமார் பாரதியும் பாடினார்கள். பாரதியைப் பாடாத வித்வான் தமிழ்நாட்டில் இல்லை. ஆனால் கச்சேரியில் கடைசித் துக்கடாவாகப் போய்விட்ட பாரதியை மறுபடி ஒரு தனி மனிதனின் குரலாகக் கேட்க வைத்தது அந்தப் படம் என்பது என் துணிபு. சொல்லுக்கு அவ்வளவு மரியாதை கொடுத்தவர்தான் நான்கு வருடம் கழித்துச் சொல்லே இல்லாத பாட்டைச் செய்தார். 1987இல் வசனமே இல்லாத 'பேசும் படம்' வந்தது. சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கி கமல்ஹாசன் நடித்த அந்தப் படத்துக்கும் இசை வைத்தியநாதன்தான். சொல் எவ்வளவு செய்யும் என்று அறிந்தவருக்குத்தான் அது இல்லாமலும் நடத்தத் தெரியும்.

இனி மால்குடி.

மால்குடியைப் படைத்த ஆர். கே. நாராயண் சென்னையில் 1906இல் பிறந்து, புரசைவாக்கத்தில் பாட்டி வீட்டில் வளர்ந்தவர். வீணை கற்றவர். 'ஸ்வாமி அண்ட் ஃப்ரெண்ட்ஸ்' நாவல் 1935இல் வந்தது. பள்ளிக்கூடம் போகப் பிடிக்காத சுவாமிநாதன், மணி, ராஜம், ஒரு கிரிக்கெட் கிளப். அந்தக் கிளப்புக்குப் பையன்கள் வைத்த பெயர் எம்.சி.சி. தாம்பரத்தில் எம்.சி.சி. என்றால் 1937இல் ஜார்ஜ் டவுனிலிருந்து இங்கே வந்த மெட்ராஸ் கிறிஸ்டியன் காலேஜைத்தான் நினைப்போம். நாவலில் அது மால்குடி கிரிக்கெட் கிளப். கதையின் கடைசியில் ராஜம் ரயிலேறிப் போய்விடுகிறான். சுவாமி ஒரு கதைப் புத்தகத்தைக் கொடுக்க ஸ்டேஷனுக்கு ஓடுகிறான்.

'கைடு' திரைப்படமானபோது தன் கதைக்கு நேர்ந்ததைக் கண்டு மனம் நொந்து கட்டுரையே எழுதியவர் நாராயண். அவருடைய ஊரைக் கண்ணுக்கும் காதுக்கும் கொண்டுவருவது சுலபமான காரியம் அல்ல. டி. எஸ். நரசிம்மன் தயாரிக்க, ஷங்கர் நாக் இயக்கினார். மேற்குத் தொடர்ச்சி மலையில், மழைக்குப் பேர்போன ஆகும்பே கிராமம் மால்குடியாயிற்று. மாஸ்டர் மஞ்சுநாத் சுவாமி, கிரீஷ் கர்னாட் சுவாமியின் அப்பா. தொடர் ஆங்கிலத்திலும் இந்தியிலும் எடுக்கப்பட்டது.

எடுத்த மொழிகளில் தமிழ் இல்லை. எழுதியவர் தமிழர், இசையமைத்தவர் தமிழர், மனிதர்கள் நம் பக்கத்து மனிதர்கள். ஆனால் தாம்பரத்தில் அதைப் பார்த்த குழந்தைக்கு வசனம் புரியாது. அந்த நாட்களை நினைத்துப் பாருங்கள். சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கியது. 1982இல் டெல்லியின் தேசிய ஒளிபரப்பு எல்லா நிலையங்களோடும் இணைந்தது. மாலையில் கொஞ்ச நேரம் தமிழ், பிறகு டெல்லி. பல்லாவரத்திலும் சேலையூரிலும் மொட்டை மாடியில் ஒருவர் ஆன்டெனாவைத் திருப்ப, கீழே சாலிடேர் பெட்டிக்கு முன்னால் இன்னொருவர் "இப்ப தெரியுது, அப்படியே விடு" என்று கத்துவார். அதே 1986இல் நவோதயா பள்ளிகள் வழியாக இந்தி வருகிறது என்று தமிழ்நாடு கொதித்துக்கொண்டிருந்தது. அந்தச் சமயத்தில், மொழி தெரியாத ஒரு தொடரின் முகப்பு இசையை நம் தெருப் பிள்ளைகள் பாடிக்கொண்டு திரிந்தார்கள். எந்த மொழியின் தடுப்பும் அந்தப் பாட்டுக்கு இல்லை. இரண்டு மொழிகளில் எடுக்கும் தொடருக்கு ஒரே முகப்பு போதும் என்ற சௌகரியம் அதில் உண்டு. ஆனால் சௌகரியத்துக்காகச் செய்த வேலை இத்தனை வருடம் நிற்காது. மால்குடி வரைபடத்தில் இல்லாத ஊர். அந்த ஊருக்கு எந்த மொழியையும் ஒட்டாத குரல் சரியாகப் பொருந்தியது.

இசை ஆசிரியர்கள் இருக்கும் சபை என்பதால் வேலையின் உள்ளே கொஞ்சம் போகிறேன். வயலின் குடும்பத்தில் பிறந்தவர் முகப்பில் முன்னால் நிறுத்தியது மனிதக் குரலை. ஏன் என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன். அன்றைய டிவிப் பெட்டியின் ஸ்பீக்கர் உள்ளங்கை அகலம்தான் இருக்கும். அதில் பேஸ் வராது; மேல் ஸ்தாயியில் நிறைய வாத்தியங்கள் சேர்ந்தால் கரகரக்கும். நடுவில் இருக்கிற குரலும் குழலும் மட்டும் தெளிவாகக் கேட்கும். சினிமா தியேட்டருக்காக எழுதுகிறவர் அப்படியே டிவிக்கு எழுதினால் பாதி இசை பெட்டிக்குள்ளேயே தங்கிவிடும். அடுத்தது, பாடக்கூடிய தன்மை. வாத்தியத்துக்காகக் கட்டிய மெட்டைக் குழந்தை ரசிக்கும். ஆனால் திருப்பிப் பாடாது. ஐந்தாறு வயதுக் குழந்தைக்குச் சுகமான இடம் ஆறேழு சுரங்களுக்குள் அடங்கிவிடும். அதற்குள் ஒரு மெட்டு, அதுவும் முதல்முறை கேட்டதாகவே தோன்றாத மெட்டு, ஒரு நிமிட அளவுக்குள் முடிய வேண்டும். ராகம் விரித்துப் பாடத் தெரிந்தவர் விரிக்காமல் நிறுத்திக்கொள்ள வேண்டும். அதற்குத்தான் முழு வித்வத் வேண்டும் என்கிறேன். அரைகுறையாகத் தெரிந்தவருக்கு எதை விடுவது என்று தெரியாது.

கதைக்குள் இன்னொரு கஷ்டம் இருக்கிறது. பெரியவர்களின் துக்கத்துக்குச் சென்னை ஸ்டுடியோக்களில் தயாரான இசை உண்டு. வயலின்கள் கூட்டமாக எழும், நாமும் கைக்குட்டையைத் தேடுவோம். சுவாமியின் துக்கம் வேறு. கணக்குப் போடத் தெரியவில்லை, அப்பா கூப்பிடுகிறார், நண்பன் பேசவில்லை, ரயில் கிளம்பப் போகிறது. இவற்றின் மேல் அந்த வயலின் கூட்டத்தைக் கொட்டினால் குழந்தையின் துக்கம் மூச்சுமுட்டிச் செத்துவிடும். வேடிக்கையான இசை போட்டாலோ, பெரியவர்கள் குழந்தையைப் பார்த்துச் சிரிப்பது போல் ஆகிவிடும். குழந்தையின் உயரத்துக்குக் குனிந்து, ஆனால் குழந்தை போலப் பேசாமல் இசையமைப்பதுதான் இந்தத் தொழிலின் அடிப்படை. நம்மூரில் குழந்தை நிகழ்ச்சி என்றாலே சைலபோன், கிணிகிணி மணி, 'ஹை' என்று ஒரு கூச்சல் என்று ஆகிவிட்டதே, அதற்கு நேரெதிரான வேலை அது.

அமெரிக்காவில் ஃப்ரெட் ரோஜர்ஸ் என்பவர் 1968 முதல் சிறு குழந்தைகளுக்காக நடத்திய நிகழ்ச்சி ஒன்று உண்டு. பாட்டுகளை ரோஜர்ஸே எழுதி மெட்டமைத்தார். பியானோ வாசித்தவர் ஜானி கோஸ்டா, பிட்ஸ்பர்க் பக்கத்து ஜாஸ் மேதை. குழந்தைகளுக்காகத் தன் வாசிப்பைத் தாழ்த்திக்கொள்ள மாட்டேன் என்று சொல்லித்தான் அந்த வேலையை ஏற்றுக்கொண்டார். ரோஜர்ஸும் அதையேதான் விரும்பினார். படப்பிடிப்பு நடக்கும்போது ஸ்டுடியோவிலேயே உட்கார்ந்து, நடிகரின் நடைக்கும் மௌனத்துக்கும் ஏற்ப அந்தந்தக் கணத்தில் வாசிப்பார். 1996இல் இறக்கும்வரை அவர் அந்தப் பியானோவை விடவில்லை. ஒரு பெரிய கலைஞன் தன் வாழ்நாளில் கிட்டத்தட்ட முப்பது வருடத்தை மூன்று வயதுக் குழந்தைகளுக்குக் கொடுத்தான். அந்தச் சமூகமும் அதை ஒரு வாழ்க்கைத் தொழிலாக இருக்க விட்டது.

வைத்தியநாதனுக்கு அப்படி ஒரு வாய்ப்பு இங்கே இல்லை. மால்குடிக்குப் பின் அவர் சினிமாவுக்குத்தான் திரும்ப வேண்டியிருந்தது. சேதுமாதவனின் 'மறுபக்கம்' போன்ற அருமையான படங்கள் கிடைத்தன என்பது நம் பாக்கியம். ஷங்கர் நாக் 1990 செப்டம்பர் 30இல் சாலை விபத்தில் மறைந்தார்; அந்தக் கூட்டணியும் அதோடு போயிற்று. இந்தியாவில் குழந்தைகளுக்கான டிவி இசை என்பது பெரும்பாலும் இப்படித்தான் நடந்திருக்கிறது: பெரிய இசைக்காரர் ஒருவர் வழியில் ஒரு நாள் நின்று, ஒரு நல்ல காரியத்தைச் செய்துவிட்டுப் போய்விடுவார். 1974இல் ஃபிலிம்ஸ் டிவிஷனுக்காக விஜயா முலே இயக்கிய, பறவைகள் ஒன்றுசேர்ந்து வலையோடு பறக்கும் கார்ட்டூன் படத்துக்கு வசந்த் தேசாய் இசையமைத்தார். அதில் பாடிய சிறுமி பின்னாளில் நமக்கெல்லாம் தெரிந்த சாதனா சர்கம். தேசாய் மறு வருடமே காலமானார். தூர்தர்ஷன் அந்தப் பாட்டைப் பல வருடம் போட்டுக்கொண்டே இருந்தது.

நம் பக்கத்தில் எம். பி. சீனிவாசனை நான் மறக்கக் கூடாது. 'பாதை தெரியுது பார்' படத்தின் இசையமைப்பாளர்; மலையாளத் திரையிசையின் தூண்களில் ஒருவர்; சென்னையில் சினிமா வாத்தியக் கலைஞர்களுக்குச் சங்கம் கட்டியவர். 1970களின் தொடக்கத்தில் மெட்ராஸ் யூத் கொயரைத் தொடங்கி, பலர் சேர்ந்து பல குரல்களில் பாடுவதை நம் பிள்ளைகளுக்குப் பழக்கினார். பள்ளிகளில் சேர்ந்து பாடும் இயக்கத்துக்காக ஊர் ஊராகப் போய், மைதானம் நிறையக் குழந்தைகளை ஒரே நேரத்தில் பாட வைத்தார். 1988இல் லட்சத்தீவில் இறந்தார். அவரைப் பற்றித் தனியாக ஒரு கூட்டமே போட வேண்டும். இந்தப் பகுதி நண்பர்கள் முயன்றால் நான் வரத் தயார்.

தமிழ்க் குழந்தைகளுக்கு ஒலியில் ஒரு வீடு இருந்தது உண்மை. சென்னை வானொலி 1938இல் தொடங்கியது. 'வானொலி அண்ணா' கூத்தபிரானின் குரலைக் கேட்டு வளர்ந்த தலைமுறை இந்த அரங்கிலேயே இருக்கிறது. அழ. வள்ளியப்பா வங்கி வேலை பார்த்துக்கொண்டே குழந்தைகளுக்காக எழுதிக் குவித்தார். 1950இல் குழந்தை எழுத்தாளர்களுக்கென்று சங்கமே அமைத்தார். சென்னைத் தொலைக்காட்சியில் 'கண்மணிப் பூங்கா' வந்தது. பாட்டு எழுதியவர்களின் பெயர் நமக்குத் தெரிகிறது. மெட்டுப் போட்டவர் பெயர்? நிலையத்தில் சம்பளத்துக்கு இருந்த ஒரு வித்வான் மத்தியானம் உட்கார்ந்து போட்ட மெட்டு, சாயந்திரம் ஒளிபரப்பாகிப் போய்விட்டது. அந்த வித்வான்களுக்குத் தமிழ்ச் சமூகம் இன்றுவரை நன்றி சொல்லவில்லை. இது எனக்கு மிகுந்த வருத்தம் தரும் விஷயம்.

சுட்டி டிவிக்கு வருகிறேன். அந்தச் சேனல் நம் குழந்தைகளுக்கு நல்ல தமிழில் பேசும் பாத்திரங்களைக் கொடுத்தது. 'டோராவின் பயணங்கள்' பார்த்துத் தமிழ் பேசக் கற்ற பிள்ளைகள் உண்டு. டப்பிங் கலைஞர்களின் உழைப்பை நான் மதிக்கிறேன். என் கவலை பாட்டைப் பற்றியது. டப்பிங் செய்யும்போது வெளிநாட்டிலிருந்து வசனம் நீக்கிய இசைத் தடம் வரும். தொழிலில் எம் அண்ட் ஈ என்பார்கள். மெட்டு அங்கே முடிந்துவிட்டது. இங்கே ஒருவர் வாயசைவுக்கும் அந்த மெட்டுக்கும் தமிழ்ச் சொல்லைத் திணிக்க வேண்டும். ஆங்கிலப் பாட்டு அழுத்தத்தின் மேல் நடக்கிறது. தமிழ் குறில் நெடில்மேல் நடக்கிறது. குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு. நீளமான சுரத்தில் குறில் வந்து விழுந்தால் மலை மாலையாகக் கேட்கும். பெரியவர்கள் சமாளித்துக்கொள்வோம். மொழியையே காதால் கற்றுக்கொண்டிருக்கும் மூன்று வயதுக் குழந்தைக்கு அந்தப் பாட்டே பாடப்புத்தகம். எந்த எழுத்து நீளும், எது நீளாது என்ற உணர்வு பதியும் வயதில் அதைக் குழப்பினால் பின்னால் இலக்கண வாத்தியார் எவ்வளவு சொல்லியும் பயன் குறைவு.

டப்பிங் என்றால் இதுதான் கதி என்று சொல்ல முடியாது. 1993இல் தூர்தர்ஷன் ஜப்பானியக் கார்ட்டூனான 'ஜங்கிள் புக்'கை இந்தியில் ஒளிபரப்பியபோது, முகப்புப் பாட்டைப் புதிதாகவே செய்தார்கள். குல்சார் எழுதினார், அப்போது இளைஞராக இருந்த விஷால் பரத்வாஜ் இசையமைத்தார். வடநாட்டில் ஒரு தலைமுறையே அந்தப் பாட்டோடு வளர்ந்தது. படம் வாங்கியதாகவே இருக்கட்டும், பாட்டு நம் ஊரில் பிறக்கலாம் என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டாம். பரத்வாஜ் பிறகு பெரிய திரைப்பட இயக்குநரானார். குழந்தைகளின் பாட்டு அவருக்கு நல்ல வாசலாக இருந்தது. தமிழில் ஒரு இளம் இசையமைப்பாளருக்கு அந்த வாசல் இன்னும் திறக்கவில்லை. இங்கே அவர் முதலில் ஒரு காதல் பாட்டுப் போட வேண்டும்.

திறமை இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. சூச்சூ டிவி பிறந்தது சென்னையில். 2013இல் வினோத் சந்தர் தன் மகளுக்காகச் செய்த ஒரு வீடியோவில் தொடங்கியது. இன்று உலகமெங்கும் குழந்தைகள் பார்க்கும் யூடியூப் சேனல்களில் ஒன்று. அதில் தமிழும் உண்டு. ஆனால் உலகம் சுற்றுவது பெரும்பாலும் ஆங்கில நர்சரிப் பாட்டு. அமெரிக்காவில் தொட்டிலில் இருக்கும் குழந்தைக்குச் சென்னையிலிருந்து பாட்டுப் போகிறது. பெருங்களத்தூரில் தொட்டிலில் இருக்கும் குழந்தைக்கும் அதே ஆங்கிலப் பாட்டுத்தான். ஸ்டுடியோ இருக்கிறது, அனிமேஷன் தெரிந்த பிள்ளைகள் இருக்கிறார்கள், பார்க்கும் கண்களும் இருக்கின்றன. தமிழ் ஓசைக்குள்ளிருந்து பிறந்த மெட்டுகள் போதுமான அளவில் இல்லை. அவற்றைச் செய்கிறவருக்கு அது ஒரு வாழ்க்கைத் தொழிலாக அமையவும் இல்லை.

நம் பகுதியையே எடுத்துக்கொள்வோம். பல்லாவரம் தொடங்கிக் கூடுவாஞ்சேரி வரை ரயில் பாதையின் இரண்டு பக்கமும் நடந்து பாருங்கள். குரோம்பேட்டையில், சிட்லபாக்கத்தில், ராஜகீழ்ப்பாக்கத்தில் அடுக்குமாடிக் குடியிருப்புக்கு ஒரு பாட்டு வகுப்பாவது இருக்கும். கீபோர்டு, வயலின், மிருதங்கம் எல்லாம் கற்றுத் தருகிறார்கள். இத்தனை பிள்ளைகள் இசை கற்கும் புறநகர் இந்தியாவில் எத்தனை இருக்கும் என்று வியக்கிறேன். அந்தப் பிள்ளைகள் ஆண்டு விழாவில் என்ன பாடுகிறார்கள்? சினிமாக் காதல் பாட்டு. முப்பது வயது ஆணின் குரலுக்காகக் கட்டிய மெட்டை, எட்டு வயதுச் சிறுமி தொண்டை நரம்பு புடைக்கப் பாடுகிறாள். நடுவர்கள் கை தட்டுகிறார்கள். அந்தச் சிறுமியின் மேல் குற்றமில்லை. அவள் வயதுக்கும் அவள் குரலுக்கும் பாட்டுச் செய்து கொடுக்க வேண்டிய நாம் செய்யவில்லை.

ஆர். கே. நாராயணுக்கு ஒரு நிமிடம் திரும்புகிறேன். அவர் மாநிலங்களவையில் நியமன உறுப்பினராக இருந்தபோது, 1989இல் தன் முதல் பேச்சைக் குழந்தைகளுக்காகவே ஒதுக்கினார். பள்ளிக்கூடப் பையின் கனத்தால் குழந்தைகள் கூன் போட்டு நடக்கிறார்கள், அவர்களுக்கு விளையாடவும் கனவு காணவும் நேரமே இல்லை என்று வாதாடினார். அதன் விளைவாகப் பின்னால் யஷ்பால் குழு அமைந்து, 1993இல் அறிக்கை கொடுத்தது. எண்பதைத் தாண்டிய எழுத்தாளர், நாட்டின் பெரிய சபையில் கிடைத்த முதல் வாய்ப்பைச் சுவாமிநாதனின் முதுகுக்காகச் செலவழித்தார். அவருடைய கதைக்கு இசையமைத்தவரும் அதே மரியாதையோடுதான் குழந்தையை அணுகினார்.

இங்கே இருக்கும் ஆசிரியர்களிடம் ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். உங்களில் ராகம் தெரிந்தவர்கள், நொட்டேஷன் எழுதத் தெரிந்தவர்கள், மேற்கத்திய ஹார்மனி கற்றவர்கள் எல்லோரும் இருக்கிறீர்கள். இந்த வருடம் ஆண்டு விழாவுக்கு ஒரே ஒரு புது மெட்டு, உங்கள் வகுப்பிலேயே பிறந்ததாக, பிள்ளைகளின் சுருதியில், ஆறேழு சுரங்களுக்குள் செய்யுங்கள். சொல் கிடைக்கவில்லையென்றால் சொல்லில்லாமலே செய்யுங்கள். வழி எப்படியென்று வைத்தியநாதன் காட்டியிருக்கிறார். சொல் வேண்டுமென்றால் தமிழில் குழந்தைக் கவிதைகளுக்குப் பஞ்சமில்லை. எழுதியவரிடம் அல்லது உரிமை உள்ளவரிடம் கேட்டு வாங்குங்கள். ஒலிப்பதிவுக்கு ஸ்டுடியோ தேட வேண்டியதில்லை; மின்விசிறியை நிறுத்திவிட்டு, ஜன்னலைச் சாத்திவிட்டு, கைபேசியை வைத்தால் போதும்.

பெற்றோர்களிடமும், சேனல்களில் வேலை பார்க்கும் இளைஞர்களிடமும் கேட்பது இன்னும் சிறியது. குழந்தைப் பாட்டு ஒன்றைத் திரையில் போடும்போது, இசையமைத்தவர் பெயரையும் வாத்தியம் வாசித்தவர்களின் பெயரையும் சேர்த்துப் போடுங்கள். 2012இல் திருத்திய பதிப்புரிமைச் சட்டம் இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் ராயல்டியில் விட்டுக்கொடுக்க முடியாத பங்கை உறுதி செய்திருக்கிறது. சினிமாக்காரர்களுக்கு மட்டுமான சட்டம் அல்ல அது. உங்கள் பிள்ளை பாடுகிற இரண்டு நிமிடப் பாட்டுக்கும் பொருந்தும். பெயர் போட்டால் பங்கு கேட்பது எளிதாகும். பங்கு வந்தால்தான் ஒருவர் அடுத்த பாட்டையும் குழந்தைகளுக்கே செய்வார்.

என் பேச்சு இத்துடன் முடிகிறது. இனி நம் பகுதி மாணவர்கள் மால்குடி முகப்பு இசையை மூன்று வயலின்களில் வாசிக்கப் போகிறார்கள். அதற்குப் பிறகு கேள்விகளை எடுத்துக்கொள்கிறேன். முன்வரிசையில் இருக்கும் ஆசிரியர்கள் தொடங்கலாம்.